எடை யாருக்கு?

காற்றுப்பு ஜாடியை இனிமேல் பட்டர்வொர்த் கிடங்கில் வைக்க மாட்டார்களாம். கடலுக்கு இந்தப் பக்கம், ஜார்ஜ்டவுனில் இருக்கும் கம்பெனித் தலைமை அலுவலகத்தில், இரும்புப் பெட்டிக்குள் பூட்டி வைக்கப் போகிறார்களாம். வேண்டுமென்றால் எழுதிக் கேட்டு, ஒப்புதல் வாங்கி, ஆள் அனுப்பி எடுத்துக்கொள்ள வேண்டுமாம். கூடவே இன்னொரு விதி. ஆள் சிக்கிக் கிடக்கும் இடத்தில் அந்த ஜாடியைத் திறக்கவே கூடாது. கிரேன் வரும்வரை காத்திருக்க வேண்டும்.

இதை எழுதியவர்கள் முதலில் ஒரு இரும்பின் அடியில் கொஞ்ச நேரம் படுத்துப் பார்த்துவிட்டு எழுதியிருக்க வேண்டும்.

கிடங்கில் இப்போது என் இடத்தில் இருக்கும் தேவி, போன வாரம் சுங்கை பினாங்கில் என் வீட்டுக்கு வந்து இந்தச் சேதியைச் சொன்னாள்.

"அக்கா, நீங்க ஒண்ணு எழுதிக் குடுங்கக்கா. சங்கத்து மலர்ல போடறோம். நாங்க சொன்னா ஆபீஸ்ல கேக்க மாட்டேங்கிறாங்க."

"நான் சொன்னா மட்டும் கேட்டுடுவாங்களா?"

"கேக்க மாட்டாங்கதான். ஆனா உங்களுக்கு நல்லாத் திட்டத் தெரியும்லக்கா."

சரி. திட்டுவதற்காகவே எழுதுகிறேன்.

கிடங்கு வேலை தெரியாதவர்களுக்காக முதலில் இதைச் சொல்லிவிடுகிறேன். காற்றுப்பு பார்க்க உப்புப் போலத்தான் இருக்கும். லேசாக நீலம் ஓடும். கெம்பூரித் தீவின் பாறை இடுக்குகளில், மழை பொய்த்த வருடங்களில் மட்டும் பூக்கும். தீவுக்காரர்கள் அதைச் சுரண்டி எடுத்து, ஊறுகாய் ஜாடி அளவுக்கு ஒரு ஜாடி அனுப்புவார்கள். அடுத்த ஜாடி எப்போது வரும் என்று அவர்களுக்கே தெரியாது. ஒரு சிட்டிகையை ஒரு பொருளின் மேல் தூவினால் அந்தப் பொருளின் எடை போய்விடும். பார்க்க வருகிறவர்கள் மந்திரம், மாயம் என்று வாயைப் பிளப்பார்கள். எங்களுக்கு அது சரக்கு. கிரேன் எட்டாத இடத்தில் கிடக்கும் பளுவை நகர்த்த ஒரு வழி.

எடை போய்விடும் என்றேனே, அது எங்கேயும் காணாமல் போவதில்லை. ஒன்றை விட்டு இறங்கினால் இன்னொன்றில் ஏறும். அதற்காகத்தான் கப்பல் சரக்கு இறக்கும் மேடையில் ஒரு பெரிய சிமெண்டுக் கல் இருக்கிறது. பளுவுக்கும் கல்லுக்கும் நடுவே கடல் தண்ணீரில் ஊறிய தேங்காய் நார்க் கயிற்றைக் கட்டுவோம். உப்பைத் தூவியதும் எடை கயிறு வழியாக ஓடிக் கல்லில் இறங்கும். கல் முனகும். யானை கனம் கனத்த பெட்டியை இரண்டு பேர் மூங்கில் கழியால் தள்ளிக்கொண்டு போவார்கள். வேண்டிய இடத்தில் வைத்ததும் நல்ல தண்ணீரைப் பீய்ச்சி உப்பைக் கழுவுவோம். எடை பெட்டிக்குத் திரும்பிவிடும்.

ஒன்றே ஒன்றுதான் ஆபத்து. அந்த நேரத்தில் யாராவது வெறும் கையால் பளுவைத் தொட்டால் எடை கல்லை விட்டுவிடும். உயிருள்ள உடம்பைத்தான் அது தேடும். ஒருவர் தொட்டால் முழுவதும் அவருக்கு. பத்துப் பேர் தொட்டால் பத்துப் பேருக்கும் சமமாக. தொட்டவர் கையை இன்னொருவர் பிடித்திருந்தால் அவருக்கும் பங்கு உண்டு.

நான் இந்த வேலைக்கு வந்ததற்குப் பெரிய காரணம் எதுவும் இல்லை. என் உள்ளங்கை வேர்க்காது. ஈரக் கை பட்டால் காற்றுப்பு கட்டியாகிவிடும். மற்றவர்கள் ஜாடியைப் பார்த்துப் பயந்தார்கள், எனக்குச் சம்பளம் வேண்டியிருந்தது. சேர்ந்து ரொம்ப நாள் வரை ஜாடியைத் தொட விடவில்லை. கயிறு நனைத்தேன், குழாய் பிடித்தேன், திட்டு வாங்கினேன். பயிற்சி என்று அதற்கு மேல் சொல்ல எதுவும் இல்லை.

எனக்கு மேலே இருந்தவர் ஹமீது நானா. மேடையின் மண்டோர், ஆட்களை வேலை வாங்குகிறவர். சத்தமே போட மாட்டார். மற்ற மண்டோர்கள் கத்தினால் கப்பலுக்கே கேட்கும். இவர் பேசினால் பக்கத்தில் போய்க் காதைக் கொடுக்க வேண்டும். அதனாலேயே எல்லாரும் வாயை மூடிக்கொண்டு நிற்பார்கள். எனக்கு அது எரிச்சலாக இருக்கும். ஒரு தடவை கேட்டேவிட்டேன்.

"கொஞ்சம் சத்தமாச் சொன்னா என்னா நானா, கொறஞ்சா போயிடுவீங்க?"

"நீதான் எங்க ரெண்டு பேருக்கும் சேத்துக் கத்துறியே தங்கச்சி."

ஜாடியைத் திறக்கும் முறையில் மட்டும் அவர் ஒரு மயிரிழை விட்டுக்கொடுக்க மாட்டார். முதலில் கயிற்றைத் தானே தடவிப் பார்ப்பார். ஓர் இடம் காய்ந்திருந்தாலும் மறுபடி கடலில் முக்கச் சொல்வார். பிறகு பளுவைச் சுற்றி ஒரு முறை நடப்பார். எல்லாருடைய கையும் முதுகுக்குப் பின்னால் இருக்க வேண்டும். அப்புறம் மெழுகு முத்திரையில் கட்டைவிரலை வைத்துக்கொண்டு ஆட்களைப் பார்த்துக் கேட்பார்.

"எடை யாருக்கு?"

"கல்லுக்கு!" என்று எல்லாரும் சேர்ந்து சொல்ல வேண்டும். ஒருவர் வாய் அசையவில்லை என்றாலும் மறுபடி கேட்பார். அது சடங்கு என்று புதிய ஆட்கள் நினைப்பார்கள். சடங்கு இல்லை. தூங்குகிறவனும், பெண்டாட்டியோடு சண்டை போட்டுவிட்டு வந்தவனும் அந்த நேரத்தில் முழித்துக்கொள்ள வேண்டும், அதற்காக.

கையைப் பின்னால் கட்டச் சொன்னதற்கும் காரணம் இருந்தது. நம் ஆட்களுக்கு ஒரு பழக்கம் உண்டு. எதைத் தொடங்கினாலும் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்வது. லோரியை எடுக்கும் முன் ஸ்டியரிங்கைத் தொடுவோம், கடையைத் திறந்தால் படியைத் தொடுவோம். பெருமாள் என்று ஒரு அண்ணன் இருந்தார். நல்ல வேலைக்காரர். ஒரு கப்பலின் முதல் பளு கிளம்பும்போது, உப்புத் தூவிய பெட்டியை ஒரு விரலால் தொட்டுக் கண்ணுக்குக் கொண்டுபோகப் பார்த்தார். விரல் கண்ணுக்குப் போகவில்லை. முட்டி இரண்டும் மடங்கித் தரையில் விழுந்தார். நான் உடனே குழாயைத் திறந்ததால் உயிர் தப்பியது. அதன் பிறகு அவர் மேடைக்கு வரவில்லை, காவல் அறைக்கு மாற்றிக்கொண்டார்.

"சாமி கும்புட்டது ஒரு தப்பாய்யா?" என்று அவர் ஆஸ்பத்திரியில் கேட்டபோது, "தப்பில்ல. எடம்தான் தப்பு," என்றார் நானா.

இப்போது அந்த மத்தியானத்துக்கு வருகிறேன்.

சாப்பாட்டு நேரம் முடிந்து வேலை தொடங்கியிருந்தது. வெயிலில் மேடைத் தார் இளகிக் காலில் ஒட்டியது. மின் நிலையத்துக்குப் போகும் ஓர் இயந்திரத்தின் இரும்புக் கூட்டைக் கிரேன் இறக்கிக்கொண்டிருந்தது. கூட்டைத் தூக்கியிருந்த பட்டை அறுந்தது. கூடு சாய்ந்து விழுந்து, மேடை ஓரத் திண்டில் ஒரு பக்கமும், கீழே கிடந்த ஒரு மரக்கட்டையில் மறுபக்கமும் நின்றது. நடுவில் சேகரன் மாட்டிக்கொண்டான். இடுப்புக்குக் கீழே இரும்பு.

சேகரன் பாகான் டாலாம் ஊர்ப் பையன். சரக்குக் கட்டுகிற வேலை. அவனுடைய அண்ணன் முனியாண்டியும் அதே குழுவில்தான் இருந்தான். பட்டை அறுந்த சத்தத்தைக் கேட்டு முனியாண்டி ஓடி வந்து, தம்பியின் தலைமாட்டில் மண்டியிட்டு உட்கார்ந்துகொண்டான்.

அந்த மரக்கட்டைதான் சேகரனின் உயிர். அது கொஞ்சம் கொஞ்சமாக நசுங்கிக்கொண்டிருந்தது. கட்டை கிறீச்சிடும், கூடு ஒரு இழை இறங்கும், சேகரன் பல்லைக் கடிப்பான். மறுபடி கிறீச்சிடும். கூட்டை ஒரு பக்கமாக இழுத்தால் அது உருண்டு அவன் நெஞ்சில் ஏறிவிடும். நேராக மேலே தூக்க வேண்டும். இறக்கிய கிரேனால் அது முடியாது. அதற்கு ஏற்ற கிரேன் மேடையின் மறுகோடியில், வேறொரு கப்பலில் இருந்தது.

பாதுகாப்பு என்ஜினியர் நாதன் வந்தார். நானா ஏற்கனவே ஜாடியைக் கையில் வைத்திருந்தார்.

"நானா, வேண்டாம். ரூல் தெரியும்ல? அவன் ஒடம்பு இரும்பத் தொட்டுக்கிட்டு இருக்கு. தெறந்தீங்கன்னா மொத்தமும் அவனுக்குத்தான் போகும். கல்லு கில்லு ஒண்ணும் நிக்காது."

"தெரியும் சார்."

"கிரேனுக்குச் சொல்லியாச்சு. வருது."

"கட்ட அதுவரைக்கும் தாங்குமா சார்? நீங்க என்ஜினியர். நீங்களே சொல்லுங்க."

நாதன் குனிந்து கட்டையைப் பார்த்தார். நிமிர்ந்து, கிரேன் இருந்த மறுகோடியைப் பார்த்தார். அவரை நான் குறை சொல்ல மாட்டேன். அவர் சொன்ன விதி சரியான விதிதான். ஒருவன் தனியாக மாட்டியிருந்தால் ஜாடியைத் திறப்பது கொலை. ஆனால் அன்று மேடையில் ஒருவன் மட்டும் இல்லை.

நானா சேகரன் பக்கத்தில் குந்தினார்.

"என்னாடா, வலிக்குதா?"

"கால் இருக்கான்னே தெரியல நானா. வீட்டுக்காரிகிட்டச் சொல்லிடாதீங்க லா. கத்துவா."

"நீயே போய்ச் சொல்லு. நான் ஏன் அவகிட்டப் பாட்டு வாங்கணும்?"

பிறகு எழுந்து, அங்கே கூடியிருந்தவர்களைப் பார்த்தார். இரண்டு கப்பல்களின் ஆட்கள், லோரிக்காரர்கள், கேன்டீன்காரர்கள், வங்காளதேசத்துப் பிள்ளைகள், எல்லாரும் நின்றார்கள். அவர் குரல் அப்போதும் உயரவில்லை. தமிழில் ஒரு தடவை, மலாயில் ஒரு தடவை சொன்னார்.

"இதுல எல்லாரும் கை கோத்தா ஆளுக்கு ஒரு அரிசி மூட்ட கனம்தான் வரும். அவனுக்கும் அவ்வளவுதான். நடுவுல ஒருத்தர் விட்டா, அவருக்கு முன்னாடி நிக்கிறவங்க தலையில எல்லாம் எறங்கும். நிக்க முடியும்கிறவங்க நில்லுங்க. முடியாதுன்னா இப்பவே போயிடுங்க. நான் தப்பா நெனைக்க மாட்டேன்."

சிலர் போனார்கள். யார் யார் என்று எனக்குத் தெரியும். எழுத மாட்டேன். பயப்படுவது குற்றம் இல்லை. மற்றவர்கள் கையுறையைக் கழற்றினார்கள். தோலோடு தோல் பட்டால்தான் எடை பாயும். நாதன் கைக்கடிகாரத்தைக் கழற்றிச் சட்டைப் பையில் போட்டுவிட்டு வரிசையில் போய் நின்றார். அதை நான் பார்த்தேன். அதற்கு முன் அவரைப் பற்றி நான் பேசிய எல்லாப் பேச்சையும் அங்கேயே திரும்ப எடுத்துக்கொண்டேன்.

இரும்பில் கை வைக்கும் முதல் ஆள் நானா. அவர் கையைப் பிடித்து அடுத்தவர், அவரைப் பிடித்து அடுத்தவர் என்று வரிசை மேடை நெடுக நீண்டது. முனியாண்டியை நானா கடைசியில் போகச் சொன்னார்.

"என் தம்பி நானா. நான் பின்னாடி நிக்க மாட்டேன்."

"அதனாலதாண்டா சொல்றேன்."

அவன் கேட்கவில்லை. சண்டை போட நேரமும் இல்லை. நானாவிலிருந்து கொஞ்சம் தள்ளி, கூட்டின் பக்கமாகவே ஒரு இடத்தில் புகுந்துகொண்டான்.

என் வேலை இரண்டு. உப்பைத் தூவ வேண்டும். பிறகு குழாயைப் பிடித்துக்கொண்டு நிற்க வேண்டும். சேகரனின் உள்ளங்கால் வெளியே வந்த பிறகுதான் தண்ணீரைத் திறக்க வேண்டும். முன்னால் திறந்தால் எடை கூட்டுக்குத் திரும்பி, அவனை இரண்டாக வெட்டிவிடும். சேகரனின் மார்பில் ஒரு பட்டையைச் சுற்றி, இழுக்க இரண்டு பேரும், கூட்டை மூங்கிலால் நெம்ப இரண்டு பேரும் தயாராக நின்றார்கள். மூங்கில் வழியாகவும் பட்டை வழியாகவும் எடை வராது.

நானா ஜாடியை என்னிடம் கொடுத்தார். இரும்பில் உள்ளங்கையைப் பதித்தார்.

"எடை யாருக்கு?"

பழக்கத்தில் யாரோ ஒருவன் "கல்" என்று தொடங்கி நிறுத்திக்கொண்டான். கட்டை மறுபடி கிறீச்சிட்டது.

"எங்களுக்கு!" என்றார்கள்.

தூவினேன்.

நான் வரிசையில் நிற்காததால் அந்தக் கனம் எப்படி இருந்தது என்று எனக்குத் தெரியாது. தோளில் மூட்டை வைத்தது போல இல்லை, நாக்கும் கண்ணிமையும்கூடக் கனத்தன என்று பிறகு சொன்னார்கள். நான் பார்த்தது இதுதான். அத்தனை பேருடைய காலணிகளும் ஒரே நேரத்தில் தாரில் புதைந்தன. மூங்கில்காரர்கள் நெம்பியதும் இரும்புக் கூடு வெறும் அட்டைப் பெட்டி போல எழும்பியது. பட்டைக்காரர்கள் இழுத்தார்கள். சேகரனின் இடுப்பு வந்தது. தொடை வந்தது. அவன் வாயைத் திறந்து மூச்சை இழுத்து, "அண்ணே" என்று கூப்பிட்டான்.

முனியாண்டிக்குத் தம்பியின் முகம் மட்டும்தான் தெரிந்தது. கால் இன்னும் உள்ளே இருப்பது அவன் நின்ற இடத்திலிருந்து தெரியவில்லை. தம்பி பிழைத்துவிட்டான் என்று நினைத்தான். இரண்டு பக்கமும் பிடித்திருந்த கைகளை உதறி, தலைக்கு மேலே தூக்கிக் கும்பிட்டான்.

"முருகா!"

அவனுக்குப் பின்னால் இருந்த வரிசை முழுவதும் சட்டென்று லேசாகிப் பின்பக்கமாகச் சரிந்தது. முன்னால் இருந்த விரல்விட்டு எண்ணக்கூடிய ஆட்கள் மேல் மொத்தமும் இறங்கியது. ஆளுக்கு ஒரு எருமை மாட்டின் கனம் இருந்திருக்கும். ஒருவர் தோள் இறங்கியது. ஒருவர் முட்டி மடிந்தது. மடிந்தும் அவர்கள் கையை விடவில்லை. நானா இரும்பில் கை வைத்தபடியே முன்னால் வளைந்தார். அவர் முதுகிலிருந்து வந்த சத்தம் எனக்குக் கேட்டது.

"தண்ணிய விடு! பரமேஸ், தண்ணிய விடு!" என்று பின்னால் விழுந்து கிடந்த நாதன் கத்தினார். எல்லாரும் கத்தினார்கள்.

நான் விடவில்லை. சேகரனின் கணுக்கால் இன்னும் உள்ளே இருந்தது. சப்பாத்து எங்கேயோ மாட்டியிருந்தது. நானா நினைத்திருந்தால் இரும்பிலிருந்து கையை எடுத்திருக்கலாம். எடை முழுவதும் அப்போதே சேகரனுக்குப் போயிருக்கும், அவர் தப்பியிருப்பார். அவர் எடுக்கவில்லை. தலையைத் திருப்பி என்னைப் பார்த்தார். எனக்கு அது போதும். குழாயின் கைப்பிடியில் விரலை வைத்துக்கொண்டு அந்தச் சப்பாத்தையே பார்த்தேன். பட்டைக்காரர்கள் இன்னொரு முறை இழுத்தார்கள். சப்பாத்து உள்ளே நின்றது, பாதம் வெளியே வந்தது.

திறந்தேன். கூடு விழுந்ததில் மேடை ஆடியது.

இதைப் பற்றி என்னிடம் பலர் கேட்டிருக்கிறார்கள், கொஞ்சம் முன்னால் திறந்திருக்கலாமே என்று. திறந்திருக்கக் கூடாது. இன்றைக்கு நடந்தாலும் அதைத்தான் செய்வேன்.

சேகரன் பிழைத்தான். ஒரு காலைச் சாய்த்துச் சாய்த்து நடக்கிறான், பிள்ளைகளைக் கட்டிக்கொடுத்துவிட்டான். தோளும் முட்டியும் போனவர்கள் தேறினார்கள். ஹமீது நானா அதன் பிறகு எழுந்து நிற்கவில்லை.

கம்பெனி விசாரணை வைத்தது. அறிக்கைக்காக நாதன் ஆஸ்பத்திரிக்கு வந்தபோது நானும் அங்கே இருந்தேன். முனியாண்டி வார்டு வாசலில் நின்றான். தினமும் வருவான், உள்ளே வர மாட்டான். நானாதான் அன்று அவனை உள்ளே கூப்பிடச் சொன்னார். வந்தவன் நேராகக் கட்டிலின் கால்மாட்டில் விழப் போனான்.

"டேய், காலத் தொடாத. தொட்டாலும் எனக்குத் தெரியாது, பிரயோஜனம் இல்ல."

முனியாண்டி அழுதான். "என்னால நானா. என்னாலதான்."

"ஒன்னாலதான். யாரு இல்லன்னு சொன்னது?" நானாவின் குரல் இன்னும் சின்னதாகியிருந்தது. நாங்கள் மூன்று பேரும் குனிந்தோம். "நீ கும்புட்டது தப்பில்லடா. கொஞ்சம் சீக்கிரமாக் கும்புட்டுட்ட. தம்பி மொகத்தப் பாத்தா நானும் அதத்தான் செஞ்சிருப்பேன். அதுக்குத்தான் ஒன்னப் பின்னாடி போகச் சொன்னேன். நான் இழுத்துப் பிடிச்சு அனுப்பியிருக்கணும்."

நாதன் பேனாவைத் திறந்தார். பிறகு கேட்டார்.

"நானா, எழுதணும், அதனால கேக்கறேன். மறுபடி இப்படி ஒருத்தன் மாட்டுனா, பழைய ரூல்படியே ஜாடியத் தொறக்கக் கூடாதுன்னு போட்டுடவா?"

"தொறக்கணும் சார்."

"இவ்வளவுக்கு அப்புறமுமா?"

"கையக் கட்டிட்டுத் தொறக்கணும். ஒருத்தர் மணிக்கட்டோட இன்னொருத்தர் மணிக்கட்ட. மனுசன் கும்புடாம இருக்க மாட்டான் சார். எங்க ஆளு மேல பாத்துக் கையேந்துவான், இவங்க ஆளு தலைக்கு மேல கும்புடுவான். தண்ணி விடுறவரைக்கும் கை வராத மாதிரி கட்டிடுங்க."

நாதன் அதை அப்படியே எழுதினார். இத்தனை வருடங்களாக அந்த விதிப்படிதான் செய்தோம். அதன் பிறகும் ஆட்கள் மாட்டியிருக்கிறார்கள். ஜாடி கிடங்கில் இருந்தது, கட்டிக்கொண்டு திறந்தோம், இழுத்தோம். ஒரு வரிசையும் அறுந்ததில்லை. இப்போது அதைத்தான் பெட்டியில் பூட்டி, கடலுக்கு இந்தப் பக்கம் வைக்கப் போகிறார்கள். அடியில் கிடப்பவன் ஃபெரி வரும்வரை மூச்சை அடக்கிக்கொண்டு இருக்க வேண்டும் போலிருக்கிறது. தலைமை அலுவலகத்துக்காரர்களே, உங்களுக்குச் சொல்கிறேன். அந்த மேடையில் நடந்தது எதுவும் ஜாடியின் குற்றம் இல்லை.

ஆஸ்பத்திரியில் நானா அப்படிச் சொன்னதற்கு மறுநாள் காலையில் முனியாண்டி கிடங்குக்கு வந்தான். கையில் ஒரு பை. அம்மாவின் பழைய நூல் சேலைகளைக் கிழித்து, முறுக்கி, முழம் முழமாக வெட்டிக் கொண்டுவந்திருந்தான். நார்க் கயிறு தோலை அறுக்கும், இது அறுக்காது என்றான்.

"நிக்குமான்னு பாக்கணும்க்கா. கட்டுங்க."

அவன் வலது மணிக்கட்டையும் என் இடது மணிக்கட்டையும் சேர்த்து இறுக்கிக் கட்டினேன். அவன் கண்ணை மூடினான். இரண்டு கையையும் தலைக்கு மேலே கொண்டுபோகப் பலம் கொண்ட மட்டும் இழுத்தான். என்னையும் சேர்த்து இரண்டடி இழுத்துக்கொண்டு போனான். கட்டு அவிழவில்லை. இன்னொரு முறை இழுத்தான்.

"நிக்குது," என்றான்.